ஜப்பான் நடிகை கிகி கிரின் நடிச்ச படங்கள பார்க்க ஆரம்பிக்கிறீங்களா, இந்த தப்பெல்லாம் பண்ணாதீங்க

ஷாப்லிஃப்டர்ஸ்ங்கற ஜப்பான் படம் பார்த்துட்டு யாருப்பா இந்த பாட்டி, செம்மயா இருக்காங்களேன்னு தேட ஆரம்பிச்சவங்க நிறைய பேர், நானும் அப்படி வந்தவன்தான், ஆனா மொத தப்பே அங்கதான், வயசான காலத்துல அந்தப் பட இயக்குநர் கோரேஏடா கண்டுபிடிச்ச பாட்டின்னு நாமளே முடிவு பண்ணிக்கிறோம். 1961ல நாடகக் குழுல சேர்ந்து 1964லயே டிவி தொடர்ல வந்தவங்க அவங்க. பாட்டி வேஷம் கட்டுனது எப்ப தெரியுமா, 1974ல, 31 வயசுல! ஒரு குடும்பத் தொடர், அதுல மகனா நடிச்சவருக்கு இவங்களவிட 10 வயசு ஜாஸ்தி. நரைமுடி, கூன் எல்லாம் ஓகே, கை மட்டும் இளசா காட்டிக் குடுத்துடுமேன்னு விரல் பக்கம் வெட்டுன கிளவுஸ் மாட்டிக்கிட்டாங்க. அந்தப் பாட்டி பாப் பாடகர் சவாதா கென்ஜி போஸ்டரப் பார்த்து உடம்ப ஆட்டி ஆட்டி "ஜூலீ"ன்னு (அவரோட செல்லப் பேரு) கத்தும், ஜப்பான்ல ஒரு தலைமுறைக்கு இவங்கன்னாலே அதான் ஞாபகம்.

அடுத்து பேரு. 1977 வரைக்கும் இவங்க யூகி சிஹோ, அதனால பழசத் தேடுறவங்க அந்தப் பேர்லயும் தேடுங்க. அந்த வருஷம் ஒரு டிவி ஏலத்துல, விக்கிறதுக்கு வேற ஒண்ணும் இல்லன்னு பேரையே ஏலம் விட்டுட்டாங்க, 20,200 யென்னுக்குப் போச்சு (பேர வித்த ஆள் வேற யாராச்சும் இருக்காங்களா!). அப்புறம் வச்சதுதான் கிகி கிரின். இதுல கிகிங்கறது குடும்பப் பேர் மாதிரி, ஜப்பான்ல அது முன்னாடி வரும், ரிவ்யூல "நம்ம கிகி"ன்னு செல்லமா எழுதுறவங்க கவனிக்கவும்.

விளம்பரம்தானேன்னு தள்ளிடாதீங்க. 1980ல ஃபுஜி ஃபிலிம் விளம்பரத்துல அழகில்லாதவங்களும் போட்டோல அழகா விழுவாங்கங்கிற மாதிரி வசனம் இருந்திருக்கு, இவங்க அது பொய்னு சொல்லி, இருக்கறதுக்கு ஏத்தாப்ல விழுவாங்கன்னு மாத்த வச்சாங்க, நாடே சிரிச்சுது.

கேன்சர் வந்துச்சுன்னு உச்சுக் கொட்டி எழுதுறதும் வேணாம். 2013ல விருது மேடையிலயே உடம்பு பூரா கேன்சர்னு சாதாரணமா சொல்லிட்டு வேலைக்குப் போனவங்க, மேனேஜரும் கிடையாது ஏஜென்சியும் கிடையாது.

ஷாப்லிஃப்டர்ஸ்தான் கடைசிப் படம்னும் சொல்லாதீங்க, 2018 செப்டம்பர் 15ல அவங்க போன பிறகும் படம் வந்துச்சு. அதுக்காக ஷாப்லிஃப்டர்ஸ ஸ்பீடு கூட்டி ஓட்டிறாதீங்க. பல்செட்டக் கழட்டிட்டு ஆரஞ்சுச் சுளைய ஈறாலயே சப்பிச் சாப்பிடுறது இருக்கு, அப்புறம் அந்த பீச் சீன், தூரத்துல எல்லாரும் குதிச்சுட்டு இருப்பாங்க, இவங்க மணல்ல உக்காந்து சத்தமே வராம வாய மட்டும் அசைப்பாங்க. எல்லாருக்கும் நன்றின்னு. ஸ்கிரிப்ட்ல இல்லாதது, எடிட்டிங்லதான் கோரேஏடா கண்ணுலயே பட்டுச்சாம்.