முன்வரிசையில் முட்டுக்கொடுப்பது: ரக்பி ப்ராப் ஆக நினைப்பவருக்கு

ப்ராப் என்றால் முட்டு. சாய்கிற சுவருக்கு முட்டுக்கம்பு செய்யும் வேலையைத்தான் ரக்பியில் 1, 3 எண் ஜெர்சிக்காரர்கள் செய்கிறார்கள். இரு அணியும் குனிந்து, கோத்துக்கொண்டு, பந்துக்காக ஒன்றையொன்று தள்ளுவதுதான் ஸ்க்ரம். அதில் இந்தப் பக்கம் எட்டுப் பேர், அந்தப் பக்கம் எட்டுப் பேர். இரு பக்கத்துத் தள்ளுவிசையும் முன்வரிசை மூவரின் தோள், கழுத்து, முதுகு வழியாகத்தான் போயாக வேண்டும். ஆள் கனமாக இருக்கிறார் என்பதற்காக ஒருவரை அங்கே நிறுத்துவது புதிய பயிற்சியாளர்கள் செய்யும் முதல் தவறு. முதுகை நேராக வைக்கத் தெரியாத 125 கிலோ ஆளை, அது தெரிந்த 100 கிலோ ஆள் மடக்கிவிடுவார். எடை வேண்டாம் என்று சொல்லவில்லை. சர்வதேச அளவில் 115 கிலோவுக்குக் குறைந்த ப்ராப்கள் அரிது. ஆனால் கற்கும் வரிசையில் கழுத்தும் உடல் நிலையும் முதலில், பிடி அடுத்து, எடை கடைசியில்.

இது 15 பேர் ஆடும் ரக்பி யூனியனுக்கான குறிப்பு. அணிக்கு ஏழு பேர் ஆடும் செவன்ஸ் ஆட்டத்தில் ஸ்க்ரம்முக்குப் பக்கத்துக்கு மூன்று பேர்தான். அங்கே ப்ராப் என்ற பெயர் இருந்தாலும் வேலை ஓடுவதுதான். இலங்கைப் பள்ளிகளில் 15 பேர் ஆட்டம் வேரூன்றியிருப்பதால் ஸ்க்ரம் பழக அங்கே வாய்ப்பு உண்டு. செவன்ஸ் மட்டும் ஆடும் கிளப்பில் சேர்ந்தால் இதில் பாதி உங்களுக்குத் தேவைப்படாது.

எந்தப் பக்கம்?

தலையை எதிராளியின் தலைக்கு இடப்புறம் வைக்க வேண்டும் என்பது விதி. அதனால் இடது கோடியில் நிற்கும் 1-ஆம் எண்ணின் தலை ஒரு பக்கம் வெளியே, சுதந்திரமாக இருக்கும்; எதிராளி அவர் வலது தோளில் மட்டும். இவர்தான் லூஸ்ஹெட். 3-ஆம் எண் டைட்ஹெட்டின் தலையோ எதிரணி லூஸ்ஹெட்டுக்கும் ஹூக்கருக்கும் (முன்வரிசையின் நடுவில் நிற்கும் 2-ஆம் எண்) நடுவே மாட்டிக்கொள்ளும். இரண்டு தோளிலும் ஆள். சுமை அதிகம், நகர இடம் குறைவு. அகலமான, இடுப்பு கனத்த ஆளை 3-இலும், கொஞ்சம் சுறுசுறுப்பான, தோளை எதிராளியின் நெஞ்சுக்குக் கீழே நுழைக்கத் தெரிந்தவரை 1-இலும் போடுவது வழக்கம்.

தொடங்கும்போது ஒரு பக்கத்தைப் பிடித்துக்கொள்ளுங்கள். இரண்டு பக்கமும் ஆடியவர்கள் இல்லாமல் இல்லை. இங்கிலாந்தின் ஜேசன் லெனார்ட் இரு பக்கமும் ஆடி, நாட்டுக்காக 114 ஆட்டங்கள் கண்டார். ஆனால் காலடி, தோள், கை எல்லாமே இடம் மாறுவதால் ஒன்று உடம்பில் ஊறாமல் மற்றொன்றுக்குத் தாவினால் இரண்டும் அரைகுறையாகும்.

கழுத்துக்கு எட்டு வாரம்

ஸ்க்ரம் இயந்திரத்தைத் தொடும் முன் எட்டு வாரம் கழுத்துக்குக் கொடுங்கள். முதல் நான்கு வாரம் அசைவில்லாத பயிற்சி மட்டும். உள்ளங்கையை நெற்றியில் வைத்துத் தலையால் அழுத்துங்கள், தலை நகரக் கூடாது. 10 விநாடி பிடித்து விடுங்கள். பின்தலை, இடது, வலது என நான்கு திசையிலும் ஐந்தைந்து முறை, வாரத்தில் மூன்று நாள். முதல் வாரம் பாதி பலம் போதும். அடுத்த நான்கு வாரம் ரப்பர் பட்டையை நெற்றியில் மாட்டி, நாலு காலில் நின்று, திசைக்கு 10 முதல் 15 முறை, மூன்று சுற்று. மல்யுத்தக்காரர்கள் போல உச்சந்தலையைத் தரையில் ஊன்றிப் பாலம் போடும் பயிற்சி வேண்டவே வேண்டாம். கழுத்தை மடக்கி அதன்மேல் எடையேற்றுவதைத்தானே ஸ்க்ரம்மில் தவிர்க்கப் பார்க்கிறோம்?

இதே காலத்தில் ஸ்குவாட், டெட்லிஃப்ட், கம்பியை வயிற்றை நோக்கி இழுக்கும் ரோ, இரு கையிலும் எடை தூக்கி 30 மீட்டர் நடை. சொந்த எடையைப் போல ஒன்றரை மடங்கை முறையாக ஐந்து தடவை ஸ்குவாட் செய்ய முடிந்தால் கிளப் அளவுக்கு நல்ல அடித்தளம். பெஞ்ச் பிரஸ்ஸில் நேரத்தைக் கொட்டுபவர்கள் அதிகம். ஸ்க்ரம்மில் அதற்குப் பலன் குறைவு.

உடல் நிலை

கால்களை இடுப்பகலத்தைவிடச் சற்று அகலமாக வையுங்கள். பூட்ஸின் முன்பகுதி ஸ்டட்கள் (அடியில் உள்ள குமிழ்கள்) எல்லாம் மண்ணில் பதிய வேண்டும். இரண்டு ஸ்டட் மட்டும் பதிந்தால் பாதம் திரும்பிவிடும். முழங்கால் இடுப்புக்கு நேர் கீழே அல்லது சற்றே பின்னால், ஏறத்தாழ 110 முதல் 120 டிகிரி மடிப்பு. தோளும் இடுப்பும் ஒரே உயரம். தோள் இடுப்பைவிடத் தாழ்ந்தால் அது விதிமீறல் மட்டுமல்ல, விழப்போகிறீர்கள் என்பதற்கு அடையாளம். முதுகின்மேல் தண்ணீர்ச் சொம்பு வைத்தால் சாயாத அளவுக்குத் தட்டை. தாடை நெஞ்சைத் தொடக் கூடாது. கண் புருவத்துக்கு அடியிலிருந்து முன்னே பார்க்க வேண்டும். தாடை தாழ்ந்தால் மேல்முதுகு வளையும். வளைந்த முதுகு பின்னாலிருந்து வரும் விசையை முன்னே கடத்தாது, நடுவில் ஒடியும்.

பழக எளிய வழி: நாலு காலில் நின்று, முழங்காலைத் தரையிலிருந்து 5 சென்டிமீட்டர் தூக்கி, 30 விநாடி. ஒரு நண்பர் தோளிலும் இடுப்பிலும் மாறி மாறித் தள்ளிப் பார்க்கட்டும். அசையாமல் நின்றால் அதே நிலையில் ஒருவருக்கு ஒருவர், பிறகு மூவருக்கு மூவர், ஐவருக்கு ஐவர், கடைசியில் எட்டுக்கு எட்டு. ஒருவருக்கு ஒருவரில் முதுகு வளைகிறவரை எட்டுப் பேர் ஸ்க்ரம்முக்குள் விடாதீர்கள்.

நடுவரின் மூன்று சொல்

க்ரௌச், பைண்ட், செட். அதாவது குனி, பிடி, சேர். 2013-இல் வந்த முறை இது. அதற்கு முன் எட்டுப் பேரும் தூரத்திலிருந்து பாய்ந்து மோதுவார்கள். இப்போது முதலில் பிடி, பிறகுதான் சேர்க்கை. மோதும் விசை கணிசமாகக் குறைந்துவிட்டது, பிடியின் மதிப்பு கூடிவிட்டது.

‘க்ரௌச்’ என்றதும் குனிந்து, தலையை எதிராளியின் தலைக்கு இடப்புறம் கொண்டுவாருங்கள். தலை அவர் கழுத்தையோ தோளையோ தொடக் கூடாது. பாரத்தை முன்னால் சாய்த்து எதிராளிமேல் தலையை ஊன்றிக்கொள்ளும் பழைய பழக்கத்தை இப்போது நடுவர்கள் விடுவதில்லை. அதற்காகவே ஹூக்கர் ஒரு காலை முன்னே ஊன்ற வேண்டும் என்ற விதி வந்தது. இறங்கும் தேருக்கு முட்டுக்கட்டை போடுவது மாதிரி. உங்கள் ஹூக்கர் எந்தக் காலை முன்னே வைப்பார் என்பதை ஆட்டத்துக்கு முன்பே கேட்டு வையுங்கள்.

‘பைண்ட்’ சொன்ன பிறகுள்ள இரண்டு மூன்று விநாடியில்தான் பெரும்பாலான ஸ்க்ரம்கள் தீர்மானமாகின்றன. லூஸ்ஹெட் தன் இடக்கையை எதிராளியின் வலக்கைக்கு உட்புறமாகக் கொண்டுபோய், அவர் ஜெர்சியின் முதுகையோ விலாப்பக்கத்தையோ பிடிக்க வேண்டும். டைட்ஹெட்டின் வலக்கை எதிராளியின் இடது மேற்கைக்கு வெளிப்புறமாகப் போய் அதேபோல. நெஞ்சு, கை, சட்டைக்கை, காலர் ஆகியவற்றைப் பிடித்தால் பெனால்டி. கை நீளமாகப் போகட்டும், முழங்கை தோள் உயரத்தில் நிற்கட்டும். முழங்கை தரையைப் பார்த்தால் உங்கள் தோளும் அதன் பின்னே இறங்கும். நடுவர் முதலில் பார்ப்பதும் அந்த முழங்கையைத்தான். ஸ்க்ரம் விழுந்தால் யார்மேல் விசில் ஊதுவது என்பதை அவர் பெரும்பாலும் அதை வைத்தே முடிவு செய்கிறார். உங்கள் ஹூக்கரைச் சுற்றிய கையும் இறுக்கமாக இருக்கட்டும். இடுப்போடு இடுப்பு ஒட்டியிருந்தால் எதிராளி உங்கள் இருவருக்கும் நடுவே பிளக்க முடியாது.

‘செட்’ என்றதும் பாய வேண்டாம். இடைவெளி ஒரு சாண் கூட இல்லை. இடுப்பை முன்னே தள்ளி, தோளை அவர் நெஞ்சில் பொருத்தி, நில்லுங்கள். பந்து உள்ளே போகும் கணத்தில் உங்கள் ஹூக்கர் ஒரு காலைத் தூக்கிப் பந்தைக் கொத்துவார். அப்போது உங்கள் பக்கம் ஒரு கால் குறைவு. எதிரணி தள்ளுவது அந்த நொடியில்தான். அதுவரை தாங்கிக்கொண்டால் பந்து பின்னால் வந்ததும் உங்கள் முறை. 10 முதல் 15 சென்டிமீட்டர் அடிகள், எட்டுப் பேரும் ஒரே நேரத்தில். பெரிய அடி வைத்தால் ஒரு கால் காற்றில் இருக்கும் நேரம் கூடும். 19 வயதுக்குட்பட்டோர் ஆட்டத்தில் 1.5 மீட்டருக்குமேல் தள்ளக் கூடாது என்பதையும் நினைவில் வையுங்கள்.

ஏன் விழுகிறது

பெரும்பாலும் கால் பின்னால் போய்விட்டதால். முழங்கால் விறைத்து, உடம்பு ஏணி மாதிரி நீண்டுவிட்டால் எதிராளி அரை அடி பின்வாங்கினாலே மூக்கு மண்ணில். அடுத்த காரணம் பூட்ஸ். விதி அனுமதிக்கும் ஸ்டட் நீளம் அதிகபட்சம் 21 மில்லிமீட்டர். முன்வரிசைக்கு எட்டு ஸ்டட் உள்ள பூட்ஸ் வாங்குங்கள். ஈர மண்ணுக்கு நீளம், காய்ந்த கட்டாந்தரைக்குக் குட்டை. கட்டாந்தரையில் நீள ஸ்டட் பதியாமல் சறுக்கும்.

டைட்ஹெட் உள்ளே கோணலாகத் திரும்பி எதிரணி ஹூக்கரைக் குடைவது அடிக்கடி நடக்கும் தவறு. சில சமயம் அது தந்திரம், பல சமயம் பின்னால், இரண்டாம் வரிசையில் இருக்கும் லாக் கோணலாகத் தள்ளுவதன் விளைவு. லாக்கின் தோள் உங்கள் பிட்டத்துக்குக் கீழே, நேராகப் பொருந்தியிருக்கிறதா என்று பயிற்சியில் பாருங்கள். இடுப்புக்கு மேலே தள்ளினால் உங்கள் முகம் தரையை நோக்கும். பக்கவாட்டில் இருக்கும் ஃப்ளாங்கர் உங்கள் இடுப்பை உள்நோக்கி அழுத்தினால் பின்பக்கம் வெளியே வழுக்காது. கனமான லாக் டைட்ஹெட்டுக்குப் பின்னால்.

ஆபத்து என்றால் வெட்கப்படாமல் கத்துங்கள். என்ன சொல் கத்துவது என்பதை அணி முன்கூட்டியே முடிவு செய்து, பயிற்சியில் ஒத்திகை பார்த்திருக்க வேண்டும். கேட்டவர்கள் எல்லோரும் அதையே திருப்பிக் கத்தி, தள்ளுவதை நிறுத்தி, பின்னாலிருப்பவர்கள் முழங்காலிடட்டும். முன்வரிசை தாடையைத் தூக்கியபடி நெஞ்சால் இறங்க வேண்டும், உச்சந்தலையால் அல்ல. கை மரத்துப்போனாலோ தோளிலிருந்து விரல்வரை மின்சாரம் பாய்ந்ததுபோல் எரிந்தாலோ அன்றைய ஆட்டம் முடிந்தது. மருத்துவர் பார்த்த பிறகே அடுத்த ஸ்க்ரம்.

லைன்அவுட்

பக்கக்கோட்டைத் தாண்டிப்போன பந்தை மீண்டும் உள்ளே எறிய, இரு அணியும் வரிசையாக நின்று அதைப் பிடிக்கப் போட்டியிடுவதுதான் லைன்அவுட். இதில் தூக்குவதும் ப்ராப்தான் செய்ய வேண்டும், ஆனால் பலர் கடைசியில் கற்கிறார்கள். குதிப்பவரை இருவர் தூக்குவார்கள். முன்னால் நிற்பவர் தொடையைப் பிடிக்கலாம், அதற்குக் கீழே கூடாது. பின்னால் நிற்பவர் பிடிப்பது கால்சட்டைக்குக் கீழே இறங்கக் கூடாது. கையால் மட்டும் தூக்காமல் ஓரடி உள்ளே நுழைந்து, குந்தி எழும் விசையில் தூக்கி, முழங்கையைப் பூட்டுங்கள். இறக்கும்வரை விடாதீர்கள்.

எடையும் வேலையும்

மாதம் ஒரு கிலோவுக்குமேல் ஏற்றாதீர்கள். 90 கிலோ ஆள் 105 ஆக ஒன்றேகால் வருடம் பிடிக்கும். அவசரப்பட்டால் ஏறுவது தொப்பைதான், 50-ஆவது நிமிடத்தில் அது தெரியும். உடல் எடையில் கிலோவுக்கு 1.6 முதல் 2 கிராம் புரதம். 100 கிலோ ஆளுக்கு 160 முதல் 200 கிராம். முட்டைக்கு 6 கிராம், சமைத்த கோழி நெஞ்சுக்கறி 100 கிராமுக்குச் சுமார் 30, ஒரு கப் வெந்த கொண்டைக்கடலைக்குச் சுமார் 14 என்று கணக்குப் போட்டு நாலைந்து வேளையாகப் பிரியுங்கள். சோற்றைக் குறைக்க வேண்டாம். பயிற்சிக்கு எரிபொருள் அதுதான்.

ப்ராப் தாமதமாகப் பழுக்கும் இடம். ஓரத்தில் ஓடும் விங்கர் 22 வயதில் உச்சம் தொடலாம். ப்ராப் பெரும்பாலும் இருபதுகளின் பிற்பகுதியில்தான் முழு ஆளாகிறார், முப்பதைத் தாண்டியும் ஆடுகிறார். 23 பேர் பட்டியலில் முன்வரிசைக்கு ஆறு பேர் பயிற்சி பெற்றவர்களாக இருக்க வேண்டும், இரண்டு லூஸ்ஹெட், இரண்டு ஹூக்கர், இரண்டு டைட்ஹெட். ஆகவே இரண்டாவது டைட்ஹெட்டுக்கும் எப்போதும் வேலை உண்டு. 2019 உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் இங்கிலாந்தின் டைட்ஹெட் சிங்க்ளர் முதல் சில நிமிடங்களிலேயே அடிபட்டு வெளியேற, மாற்றாக வந்த டேன் கோல் ஏறத்தாழ முழு ஆட்டமும் தாக்குப்பிடிக்க வேண்டியதாயிற்று. தென்னாப்பிரிக்க லூஸ்ஹெட் டென்டாய் ம்ட்டவரீரா அவர்மேல் பெனால்டிகளாக வாங்கினார், முடிவு 32-12.

காதைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. உரசி உரசி மடலுக்குள் ரத்தம் கட்டும். சில நாளுக்குள் மருத்துவரிடம் போய் வடித்து, அழுத்திக் கட்டினால் பழைய வடிவம் தங்கும். விட்டால் குருத்தெலும்பு இறுகி பூக்கோசு ஆகிவிடும். வீட்டில் ஊசியால் குத்திக்கொள்ளாதீர்கள், சீழ் பிடிக்கும். பயிற்சியிலும் சேர்த்தே தலைக்கவசமோ, காதைச் சேர்த்துச் சுற்றிய டேப்போ போடுங்கள். ஆட்டத்தைவிடப் பயிற்சியில்தான் அதிக ஸ்க்ரம்.