டைனோசர் படக்கதைப் புத்தகம்: குழந்தையோடு சேர்ந்து வீட்டிலேயே செய்யும் முறை

டைனோசர் பைத்தியம் பிடித்த குழந்தை வீட்டில் இருந்தால் புத்தகம் வாங்கி மாளாது. வாங்கியதைப் புரட்டினாலும் பெரும்பாலும் ஒரே மாதிரிதான்: பச்சை உடம்பு, திறந்த வாய், பின்னால் புகைகிற எரிமலை. நாமே ஒன்று செய்துவிடலாம். படம் வரையத் தெரியாது என்பவர்களுக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். ஐந்து முதல் ஒன்பது வயதுக் குழந்தைகளுக்குச் சரியாக இருக்கும்.

தேவையானவை: ஏ4 தாள் நான்கு, அட்டைக்குக் கொஞ்சம் கெட்டியான சார்ட், பென்சில், கிரேயான், தடித்த ஊசி, நூல், ஒரு சாக்பீஸ். சாக்பீஸ் எதற்கு என்று பிறகு சொல்கிறேன்.

1. ஒரே ஒரு பிராணி, ஒரே ஒரு சம்பவம்

எல்லா டைனோசரும் வர வேண்டும் என்று குழந்தை அடம்பிடிக்கும். விட்டுக்கொடுக்காதீர்கள். ஸ்டெகோசாரஸ் வாழ்ந்தது சுமார் 15 கோடி ஆண்டுகளுக்கு முன். டி. ரெக்ஸ் வந்தது ஏழு கோடி ஆண்டுகளுக்கும் குறைவான காலத்துக்கு முன்புதான். இரண்டும் மோதிக்கொள்கிற படங்களுக்குப் பஞ்சமில்லை, ஆனால் அப்படி ஒரு சண்டை நடந்திருக்கவே முடியாது. டி. ரெக்ஸுக்கும் நமக்கும் இருக்கிற இடைவெளியைவிட அவை இரண்டுக்கும் நடுவே இருக்கிற இடைவெளி பெரியது.

ஒரு புதைபடிவத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நான் இங்கே எடுப்பது குஜராத்தில் தோலி டுங்கரி என்ற ஊரில் கிடைத்தது. தனஞ்சய் மொஹபே என்ற புவியியலாளர் 1980-களில் அங்கே ஒரு பாறைத் துண்டைக் கண்டெடுத்தார். முட்டைகளும் சின்னச் சின்ன எலும்புகளும் அதில் இருந்தன. எல்லாமே டைனோசர் குஞ்சின் எலும்பு என்றுதான் முதலில் எண்ணினார்கள். 2001-ல் ஜெஃப்ரி வில்சன் என்ற அமெரிக்க ஆய்வாளர் அதைப் பார்த்தபோது, அதில் ஒரு பகுதி பாம்பின் முதுகெலும்பு என்று கண்டுகொண்டார். உடைந்த முட்டை ஒன்றைச் சுற்றிப் பாம்பு வளைந்து கிடக்கிறது, பக்கத்திலேயே குஞ்சு. 2010-ல் அந்தப் பாம்புக்கு சனாஜே இண்டிகஸ் என்று பெயரிட்டார்கள். வயது சுமார் 6 கோடியே 70 லட்சம் ஆண்டுகள். கூடு, பசி, ஆபத்து என்று படக்கதைக்கு வேண்டியதெல்லாம் ஒரே கல்லில் கிடைத்துவிட்டது.

2. நோட்டில் ஒரு கோடு

இந்தப் படியை மட்டும் அவசரப்படாமல் செய்யுங்கள். ஒரு பக்கத்தை நடுவில் கோடு போட்டுப் பிரியுங்கள். இடப்பக்கம் ‘கல் சொன்னது’, வலப்பக்கம் ‘நாங்கள் நினைத்தது’.

இடப்பக்கத்தில் வரக்கூடியவை: பாம்பு ஏறக்குறைய மூன்றரை மீட்டர் நீளம். குஞ்சு சுமார் அரை மீட்டர். குஞ்சு டைட்டனோசார் வகை, அதாவது நீண்ட கழுத்துள்ள தாவர உண்ணி. இன்றைய மலைப்பாம்பு மாதிரி இந்தப் பாம்பால் வாயை அகலத் திறந்திருக்க முடியாது, ஆகவே முழு முட்டையை விழுங்கியிருக்காது. குஞ்சை விழுங்கியிருக்கலாம். திடீரென்று வந்த மணல் எல்லாவற்றையும் ஒரேயடியாக மூடிவிட்டது, புயல் மழையில் சரிந்த மணலாக இருக்கலாம் என்கிறார்கள்.

வலப்பக்கம் குழந்தையுடையது. பாம்பின் நிறம், குஞ்சின் பெயர், அம்மா எங்கே போனாள், பாம்புக்கு எத்தனை நாள் பசி. கல் இதைப் பற்றியெல்லாம் வாய் திறக்கவில்லை, அதனால் இஷ்டத்துக்கு எழுதலாம். கல் பேசிய இடத்தில் மட்டும் அதை எதிர்த்துப் பேசக் கூடாது. பாம்புக்கு இறக்கை வேண்டும் என்று கேட்டால், “கல்லில் இறக்கை எலும்பு இல்லையே, கண்ணு” என்று சொன்னால் போதும். என்னைக் கேட்டால், கற்பனையைக் கெடுப்பது இந்தக் கட்டுப்பாடு இல்லை, ‘என்ன வேண்டுமானாலும் வரை’ என்று வெறும் தாளை நீட்டுவதுதான்.

பெரியவர்களும் ஊகிக்கத்தான் செய்கிறார்கள் என்பதற்கு இகுவானோடான் என்ற டைனோசரின் கதையைச் சொல்லலாம். இங்கிலாந்தில் முதலில் கிடைத்த கூரான எலும்பொன்றை மூக்குக் கொம்பு என்று நினைத்தார்கள். லண்டன் கிரிஸ்டல் பேலஸ் பூங்காவில் 1854-ல் வைத்த சிலையிலும் மூக்கில் கொம்பு உண்டு, இன்றும் பார்க்கலாம். 1878-ல் பெல்ஜியத்தின் பெர்னிசார் சுரங்கத்தில் முழு எலும்புக்கூடுகள் கிடைத்த பிறகுதான் அது கட்டைவிரல் என்று தெரிந்தது. குழந்தைகள் இதைக் கேட்டுச் சிரிக்காமல் இருக்க மாட்டார்கள்.

3. சாக்பீஸ்

மொட்டை மாடியிலோ வாசலிலோ மூன்றரை மீட்டருக்கு ஒரு வளைந்த கோடு போடுங்கள். பக்கத்தில் அரை மீட்டர் குஞ்சு. குழந்தை கோட்டின் மேல் நடந்து பார்க்கட்டும், பாம்புக்கு நடுவில் படுத்தும் பார்க்கட்டும். இதற்குப் பிறகு வரைகிற படத்தில் அளவு தானாகச் சரியாகிவிடும்.

4. பக்கம் பிரித்தல்

நான்கு தாள்களையும் ஒன்றாக அடுக்கிக் குறுக்கே பாதியாக மடித்தால் 16 பக்கம் வரும். மடித்த உடனே பென்சிலால் மூலையில் எண் போட்டுவிடுங்கள், அப்புறம் தாளைத் தனித்தனியாகப் பிரித்து வரையும்போது குழப்பம் வராது. முதல் பக்கம் தலைப்பு, கடைசிப் பக்கம் வேறொரு வேலைக்கு. நடுவே ஏழு விரிப்புகள், அதாவது திறந்தால் எதிரெதிரே தெரிகிற இரண்டிரண்டு பக்கங்கள்:

2–3: மணலில் மூன்று முட்டைகள்.
4–5: ஏதோ ஊர்ந்து வருகிறது.
6–7: பாம்பு முட்டையைச் சுற்றுகிறது. வாய் போதவில்லை, காத்திருக்கிறது.
8–9: முட்டை உடைகிறது.
10–11: குஞ்சும் பாம்பும் நேருக்கு நேர்.
12–13: மழை, மணல் சரிவு.
14–15: முடிவு.

8-ம் 9-ம் ஒரே தாளில் அடுத்தடுத்து வருகிற நடுப்பக்கம். இடையில் வெட்டு விழாது, ஆகவே பெரிய படத்தை அங்கே வையுங்கள்.

முடிவில் கொஞ்சம் சிக்கல் உண்டு. உண்மையில் இரண்டுமே மண்ணுக்குள் போய்விட்டன. ஐந்து வயதுக் குழந்தைக்கு அது கனமாக இருக்கலாம். பொய் சொல்லவும் வேண்டாம். அதே கூட்டில் முன்பே பொரித்து வெளியேறிய அக்காக் குஞ்சு ஒன்று இருந்தது என்று வைத்துக்கொள்ளலாம், கல் அதை மறுக்கவில்லை. இல்லையென்றால் 14–15-ல் 6 கோடியே 70 லட்சம் ஆண்டுகளைத் தாண்டி, ஒருவர் சுத்தியலோடு வந்து அந்தக் கல்லைத் தூக்குகிற மாதிரி முடிக்கலாம். எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கும்.

5. எழுத்து

ஒரு விரிப்புக்கு மூன்று வரிக்கு மேல் வேண்டாம். முதலில் எழுத உட்கார்ந்தால் இப்படித்தான் வரும்:

“ஒரு காலத்தில் ஒரு பெரிய பாம்பு வாழ்ந்து வந்தது. அதற்கு மிகவும் பசித்தது. அது முட்டைகளை நோக்கிச் சென்றது.”

பெரிய பாம்பு என்பதைப் படமே காட்டிவிடுமே. படத்தில் வால் நுனியை மட்டும் வரைந்துவிட்டு, இப்படி எழுதிப் பாருங்கள்:

“சரசர... சரசர...
மணல் அசைகிறது.
காற்றே இல்லையே, மணல் ஏன் அசைகிறது?”

பக்கத்தைப் புரட்டினால்தான் பாம்பு. ஒலிக்குறிப்புச் சொற்களைத் தாராளமாகப் போடுங்கள். முட்டை ‘படக்’கென்று உடையட்டும், மழை ‘சோ’வென்று கொட்டட்டும், மணல் ‘மடமட’வென்று சரியட்டும். எழுதியதை உரக்கப் படியுங்கள். நாக்கு எங்கே இடறுகிறதோ அங்கே ஒரு சொல் அதிகம்.

6. படம்

முட்டை என்றால் வட்டம், பாம்பு என்றால் தடித்த கோடு. அவ்வளவு தெரிந்தால் போதும். அம்மா டைனோசரை வரைவதாக இருந்தால் வாலைத் தரையில் போட்டு இழுக்க வேண்டாம், முதுகுக்கு நேராகத் தூக்கி வரையுங்கள். நிறம்? சீனாவில் கிடைத்த சைனோசாரோப்டெரிக்ஸ் என்ற டைனோசருக்கு வாலில் செம்பழுப்பும் வெள்ளையுமாகப் பட்டைகள் இருந்ததை அதன் இறகுப் படிவத்தில் மிஞ்சிய நிறமித் துகள்களை வைத்து 2010-ல் சொன்னார்கள். நம் பாம்புக்கு அப்படி எந்தத் தடயமும் இல்லை. ஊதாப் பாம்பு தாராளமாக வரலாம்.

டைனோசர் காலத்தில் புல்லே கிடையாது என்று யாராவது திருத்த வருவார்கள். மகாராஷ்டிரத்தின் பிஸ்துராவில் கிடைத்த கல்லாகிப்போன சாணத்தில் புல்லின் நுண்துகள்கள் இருந்ததை 2005-ல் வெளியிட்டார்கள். அங்கங்கே கொஞ்சம் புல் வரையலாம். எரிமலை வேண்டும் என்று குழந்தை கேட்டால், கூம்பு மலை வேண்டாம். தக்காணத்தில் எரிமலைக் குழம்பு பெரும்பாலும் நிலத்தின் நீண்ட வெடிப்புகள் வழியாகத்தான் பொங்கியது. அதுவும் முக்கியமாக நம் கதைக்குக் கொஞ்சம் பிற்பட்ட காலத்தில். அடுத்த புத்தகத்துக்கு வைத்துக்கொள்ளலாம்.

7. கடைசிப் பக்கமும் தையலும்

16-ஆம் பக்கத்தில் நோட்டில் போட்ட அதே இரண்டு கட்டங்களைச் சின்னதாக எழுதுங்கள். கல் சொன்னது இது, நாங்கள் நினைத்தது இது.

பிறகு சார்ட்டை வெளியே வைத்து, மடிப்பில் மேலே, நடுவில், கீழே என மூன்று துளை போடுங்கள். இந்த வேலை பெரியவர்களுக்கு. உள்ளிருந்து நடுத்துளை வழியாக ஊசியை வெளியே எடுத்து, மேல்துளையில் உள்ளே விட்டு, நடுத்துளையைத் தாண்டிக் கீழ்த்துளையில் வெளியே எடுங்கள். மறுபடி நடுத்துளையில் உள்ளே வாருங்கள். உள்ளே நீளமாக ஓடுகிற நூலின் இரு பக்கமும் நுனிகள் இருக்கும்படி வைத்து முடிச்சுப் போடுங்கள். ஸ்டேப்ளர் அடித்தால் சீக்கிரம் முடியும், ஆனால் கம்பி சின்ன விரலைக் கீறும்.

அடுத்த புத்தகத்துக்கு நம் ஊர்ப் பக்கமே ஆள் இருக்கிறது. அரியலூர் அருகே கல்லமேட்டில் கிடைத்த எலும்புகளுக்கு யாதகிரி, அய்யாசாமி என்ற ஆய்வாளர்கள் இருவரும் 1987-ல் புருஹத்காயோசாரஸ் என்று பெயர் வைத்தார்கள். ஊன் உண்ணி என்றுதான் முதலில் வகைப்படுத்தினார்கள், பிறகு நீண்ட கழுத்துக்காரர்களோடு சேர்த்தார்கள். எலும்புகள் சிதைந்துபோய்விட்டன, அதனால் அது எவ்வளவு பெரியது என்ற வாதம் இன்னும் ஓயவில்லை. இந்தப் புத்தகத்தில் ‘நாங்கள் நினைத்தது’ கட்டம் மிகப் பெரிதாக வரும். அதற்கு ஏ4 தாள் வேண்டாம். சார்ட்டை நீளவாட்டில் வெட்டி ஒட்டி விசிறி மடிப்பாக மடித்துக்கொண்டு, வாலிலிருந்து வரையத் தொடங்குங்கள்.