டில் ஊறுகாயை இனிப்பாக்கும்போது எங்கே சறுக்குகிறோம்?

வளைகுடாவிலிருந்து லீவுக்கு வந்த கொழுந்தன் இரண்டு பாட்டில் டில் ஊறுகாய், அதாவது சதகுப்பை போட்டு வினிகரில் ஊறவைத்த வெள்ளரிக்காய், கொண்டுவந்தார். உப்பும் புளிப்பும் சதகுப்பை வாசமுமாக இருந்த அதை வீட்டில் யாரும் தொடவில்லை. "சீனி போட்டுப் பாரு மக்கா" என்றார் மாமியார்.

போட்டேன். முதல் பாட்டில் பாழ். சீனிப்பாகு காய்ச்சி, சூடு ஆறுமுன்னே முழுக் காய்களின் மேல் ஊற்றிவிட்டேன். மறுநாள் பார்த்தால் தோல் சுருங்கி, உள்ளே கொழகொழவென்று இருந்தது. ஏற்கெனவே வினிகரில் ஊறிய காயை மறுபடி சூடாக்க வேண்டியதே இல்லை. அதோடு, சீனி உள்ளே போவதைவிட வேகமாகக் கெட்டிப்பாகு காயின் நீரை வெளியே இழுத்துவிடும். முழுக் காயில் தோலும் சீனியை மறிக்கும்.

அதனால் பாட்டில் தண்ணீரை இறுத்துவிட்டு, காயைக் கால் அங்குல வில்லைகளாக நறுக்குங்கள். 350 கிராம் காய்க்கு 300 கிராம் சீனி, நாளுக்கு 100 கிராமாக மூன்று தவணை, கூடவே இரண்டு தேக்கரண்டி வினிகர். முதல் நாள் சாயங்காலம் சீனி கரையாமல் அடியில் மணலாகக் கிடக்கும். தண்ணீர் ஊற்றக் கை பரபரக்கும். ஊற்றினால் புளிப்பு நீர்த்துப்போகும். பாட்டிலைக் காலையும் மாலையும் தலைகீழாகத் திருப்பி வையுங்கள். காயில் இருக்கும் நீரே பாகாகிவிடும். மெல்ல வில்லையின் ஓரம் கண்ணாடி மாதிரி ஆகும். ஒரு வாரத்தில் சாப்பிடலாம்.

கருப்பட்டி வேண்டாம். நமக்கு எதிலும் கருப்பட்டி போடத் தோன்றும்தான், ஆனால் இதில் சதகுப்பை மணம் அமுங்கி, பாகும் கறுத்துவிடும். பட்டை, கடுகு, கிராம்பு எல்லாம் முழுசாகவே போடுங்கள், பொடி போட்டால் பாகு கலங்கும். கிராம்பில் கவனம்: நம் கன்னியாகுமரி மலைக் கிராம்பு புவிசார் குறியீடு வாங்கியது, எண்ணெய்ச் சத்து அதிகம். ஒரு பாட்டிலுக்கு நான்கு போதும். நான் பத்து போட்டதைத் தின்ற பிள்ளைகள் பல்வலி மருந்தா என்று கேட்டார்கள்.

அலுமினியப் பாத்திரத்தை வினிகர் அரிக்கும், கண்ணாடி பாட்டில்தான் சரி. அப்புறம், மாங்காய் ஊறுகாய் மாதிரி இதை அலமாரியில் வைத்துவிடாதீர்கள். காப்பாற்ற எண்ணெய் இல்லை, உப்பிலும் பாதி தண்ணீரோடு போய்விட்டது. இரண்டு பருவமழையும் பெய்கிற நம் ஊர் ஈரத்தில், நனைந்த கரண்டி ஒருமுறை பட்டால் போதும், பூஞ்சை படர்ந்துவிடும். இரண்டாவது பாட்டில் முதல் நாளிலிருந்தே ஃபிரிட்ஜில்தான் இருந்தது. மரச்சீனிக் கிழங்குக்கும் மீன்குழம்புக்கும் நடுவே மாமியார் அதைக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.