நிக்கோ ஒருநாள் பயணம்: புதிதாக வழிகாட்டுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

டோக்கியோவிலிருந்து காலையில் கிளம்பி இரவுக்குள் திரும்பக்கூடிய தூரத்தில் மலை, அருவி, ஏரி, பழைய கோயில்கள் எல்லாம் சேர்ந்து அமைந்த ஊர் நிக்கோ. அதன் கோயில் வளாகங்கள் 1999-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தன. ஊரிலிருந்து வருகிற நம் ஆட்களுக்கு ஒரே நாளில் ஜப்பானின் இயற்கையையும் பண்பாட்டையும் காட்ட நினைப்பவர்கள் இதைத் தேர்ந்தெடுப்பது சரிதான். இப்போது தமிழ்க் குடும்பங்களை அழைத்துப்போக இங்கேயே வேலை பார்க்கும் இளைஞர்கள் சிலர் முன்வருகிறார்கள். அதுவும் நல்ல விஷயம். ஆனால் இலையுதிர் காலம் வந்தால் போதும், நான் ஆரம்பத்தில் மாட்டிக்கொண்ட அதே இடங்களில் அவர்களும் மாட்டிக்கொள்கிறார்கள். குடை எடுங்கள், சில்லறை வைத்துக்கொள்ளுங்கள் என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரியும். அவற்றை விட்டுவிட்டு, நாளையே கெடுத்துவிடும் விஷயங்களை மட்டும் சொல்கிறேன்.

மத்தியானத்துக்கு மேல் மலை ஏறுவது

எல்லாத் தவறுகளிலும் அதிகம் விலை கொடுக்க வைப்பது இதுதான். எத்தனை முறை சொன்னாலும் திரும்பத் திரும்ப நடப்பதால் எனக்கு இன்னும் எரிச்சல் தருவதும் இதுதான்.

நிக்கோ ரயில் நிலையம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 540 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. தோஷோகு கோயில் பக்கத்திலேயே, பஸ்ஸில் சில நிறுத்தங்கள். கெகோன் அருவியும் சூசென்ஜி ஏரியும் மேலே. ஏரி இருப்பது 1,269 மீட்டரில். ஊருக்கும் ஏரிக்கும் நடுவே இரோஹாசாகா என்ற மலைப்பாதை. ஏறுவதற்கு ஒரு சாலை, இறங்குவதற்கு வேறொரு சாலை, இரண்டுமே ஒருவழி. ஏறும் சாலையில் 20 வளைவுகள், இறங்கும் சாலையில் 28. ஒவ்வொரு வளைவிலும் ஹிரகானா என்ற ஜப்பானிய எழுத்துமுறையின் ஓர் எழுத்து வரிசைப்படி பலகையில் எழுதப்பட்டிருக்கும்.

சாதாரண நாளில் நிலையத்திலிருந்து ஏரிக்குப் பஸ்ஸில் முக்கால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட ஆகலாம். செல்பேசி வரைபடமும் அதையே காட்டும். புதிதாக வருபவர் அதை நம்பித் திட்டம் போடுகிறார். அவர் யோசிப்பது இப்படி: கோயில் பக்கத்தில் இருக்கிறது, மூடும் நேரமும் உண்டு, அதை முதலில் முடித்துவிடுவோம். அருவி எங்கே ஓடிவிடப் போகிறது, சாப்பிட்டுவிட்டுப் போகலாம். கேட்க நியாயமாக இருக்கும். அதனால்தான் எல்லோரும் இதில் விழுகிறார்கள்.

ஏரிப் பக்கம் இலைகள் சிவப்பது அக்டோபர் நடுவிலிருந்து கடைசி வரை. அந்த வாரக்கடைசிகளில் காலை எட்டு, ஒன்பதுக்கெல்லாம் கார்கள் சேரத் தொடங்கிவிடும். ஏற்றம் முடிகிற இடத்தில் அகெச்சிதைரா காட்சிமுனை இருக்கிறது. அதன் சின்ன வாகன நிறுத்தத்துக்குள் நுழையக் காத்திருக்கும் கார்கள் பின்னால் வருகிற எல்லோரையும் நிறுத்திவிடும். முக்கால் மணி நேரப் பயணம் இரண்டு மணி, மூன்று மணி என்று இழுக்கும். ஒருவழிச் சாலை என்பதால் நடுவில் மனசு மாறித் திரும்பவும் முடியாது. ஏறியே ஆக வேண்டும்.

ஓர் அக்டோபர் சனிக்கிழமை நாலு மணிவாக்கில், புதிதாக வழிகாட்ட ஆரம்பித்திருந்த ஒரு தம்பி போன் செய்தான். கோயம்புத்தூரிலிருந்து வந்த குடும்பம், பாட்டி முதல் பேரன் வரை மூன்று தலைமுறை.

"அண்ணா, பஸ் நகரவே மாட்டேங்குது."

"வளைவுல என்ன எழுத்து இருக்குன்னு பாரு தம்பி."

"ரி."

ஏறும் பாதையில் 'ரி' ஒன்பதாவது வளைவு. இன்னும் பதினொன்று பாக்கி. அந்தப் பஸ்ஸில் கழிப்பறை கிடையாது. பாட்டிக்கு சர்க்கரை வியாதி. குழந்தை வளைவுகளிலேயே வாந்தி எடுத்திருந்தது. அக்டோபர் கடைசியில் ஐந்து மணிக்கு முன்பே சூரியன் மறைந்துவிடும். அவர்கள் மேலே போய்ச் சேர்ந்தபோது நன்றாக இருட்டியிருந்தது, அருவியடிக்கு இறங்கும் லிஃப்ட்டையும் மூடிவிட்டார்கள். அருவியின் சத்தம் மட்டும் கேட்டது. இறங்கும் பாதையிலும் அதே நெரிசல். டோக்கியோவின் அசாகுசா நிலையத்துக்கு முன்பதிவு செய்த விரைவு ரயில் போய்விட்டது, அந்த இருக்கைப் பணமும் போச்சு. சாதாரண ரயில்களில் மாறி மாறி அவர்கள் விடுதிக்கு வந்து சேர நள்ளிரவு நெருங்கிவிட்டது. மறுநாள் காலை அவர்களுக்குக் கியோத்தோ பயணம் வேறு. வாழ்க்கையில் ஒருமுறை ஜப்பான் வருகிற குடும்பத்துக்கு ஒரு நாள் முழுக்க வீணாவது சின்ன விஷயமில்லை.

இதற்கு வழி எளிமையானது. டோக்கியோவிலிருந்து காலை முதல் விரைவு ரயிலைப் பிடியுங்கள். நிக்கோவில் இறங்கியதும் கோயிலைத் திரும்பிப் பார்க்காமல் நேராக ஏரிக்குப் போகிற பஸ்ஸில் ஏறுங்கள். அருவி, ஏரிக்கரை எல்லாம் பார்த்துவிட்டுப் பன்னிரண்டு மணிக்குள் இறங்கத் தொடங்குங்கள். தோஷோகு ஏப்ரல் முதல் அக்டோபர் வரை மாலை 5 மணி வரையிலும், நவம்பர் முதல் மார்ச் வரை 4 மணி வரையிலும் திறந்திருக்கும். மூடுவதற்கு அரை மணி முன்பு உள்ளே விடுவதை நிறுத்திவிடுவார்கள். ஒன்றரைக்குக் கோயில் வாசலில் நின்றால் எந்த மாதமானாலும் போதுமான நேரம் இருக்கிறது. திரும்பும் ரயிலையும் கொஞ்சம் தள்ளியே பதிவு செய்யுங்கள்.

அதிகாலையில் கிளம்ப முடியாத குழுவா? அக்டோபர் வாரக்கடைசியில் ஏரியை விட்டுவிடுங்கள். பணம் வாங்கும் முன்பே அதைச் சொல்லிவிடுங்கள். நவம்பர் முதல் பாதியில் கீழே கோயில்களைச் சுற்றித்தான் இலைகள் சிவக்கும். அப்போது வருகிறவர்களுக்கு மேலே போகாவிட்டாலும் நிறைவான நாள் கிடைக்கும்.

மலையை முதலில் வைப்பதில் இன்னொரு நன்மையும் உண்டு. கதை வரிசையாக வரும். 782-ல் ஷோதோ என்ற பௌத்தத் துறவி ஏரியை ஒட்டிய நான்தாய் மலை உச்சியை அடைந்தார், இரண்டு ஆண்டு கழித்து ஏரிக்கரையில் கோயில் எழுப்பினார். மலையே தெய்வமாக இருந்தது. 1872 வரை பெண்களுக்கு அங்கே அனுமதி இல்லை. ஷோகன் என்ற பட்டத்தோடு ஜப்பானை ஆண்ட தொகுகவா இயேயாசு இறந்தது 1616-ல். அடுத்த ஆண்டு அவரை இங்கே கொண்டுவந்து வைத்தார்கள். இன்று நாம் பார்க்கும் தோஷோகு, பேரன் இயேமிட்சு 1636-ல் முடித்தது. எட்டு நூற்றாண்டாகப் புனிதமாக இருந்த மலையின் அடிவாரத்தில்தான் அந்த ஷோகனைத் தெய்வமாக வைத்தார்கள் என்பது, மலையைப் பார்த்துவிட்டு இறங்குபவர்களுக்குச் சட்டென்று புரியும்.

அருவியை "97 மீட்டர்" என்று சொல்லி முடித்துவிடுவது

குற்றாலம் பார்த்தவர்களுக்கு உயரம் மட்டும் பெரிய விஷயமில்லை. கெகோனில் பாறையைக் காட்டுங்கள். நான்தாய் ஓர் எரிமலை. அதன் குழம்பு வழிந்து வந்து ஆற்றை அடைத்ததால் உருவானதுதான் சூசென்ஜி ஏரி. அந்த அணையின் விளிம்பில்தான் அருவி விழுகிறது. லிஃப்ட்டில் 100 மீட்டர் இறங்கிப் பார்த்தால், பெரிய அருவியின் இரண்டு பக்கமும் பாறையின் நடுப்பகுதியிலிருந்து மெல்லிய அருவிகள் வரிசையாகக் கசிந்து விழுவது தெரியும். ஏரித் தண்ணீர் குழம்புப் பாறை அடுக்குகளுக்கு நடுவே புகுந்து வெளியே வருவதுதான் அது. இதைக் காட்டினால் குழந்தைகள்கூட அசையாமல் நின்று பார்ப்பார்கள்.

ஜூன், ஜூலை மழைக்காலத்தில் மூடுபனி இறங்கினால் எதுவுமே தெரியாது. லிஃப்ட்டுக்குச் சீட்டு வாங்கும் முன் மேலே இருக்கும் இலவசத் தளத்தில் போய்ப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

குளிர்

ஏரிப் பக்கம் ஊரைவிட நாலைந்து டிகிரி குறைவு. வயதானவர்களுக்கு ஒரு ஸ்வெட்டர் கூடுதலாக எடுக்கச் சொல்லுங்கள்.

மூன்று குரங்குகளோடு தோஷோகுவை முடித்துவிடுவது

பார்க்காதே, பேசாதே, கேட்காதே குரங்குகளுக்கு முன்னால் படம் எடுத்துவிட்டு, குழுவை அடுத்த வாசலுக்கு ஓட்டிப்போகிறார்கள். குதிரைக் கொட்டிலின் மேல் செதுக்கிய எட்டுப் பலகைகளில் அது ஒன்றே ஒன்று. மொத்தம் 16 குரங்குகள். ஒரு தாய் தன் குட்டியின் எதிர்காலத்தைத் தொலைவில் பார்ப்பதில் தொடங்கி, குட்டி வளர்ந்து, தனிமை, காதல் எல்லாம் கண்டு, கடைசியில் தானே தாயாகும்வரை ஒரு முழு வாழ்க்கை அங்கே இருக்கிறது. மூன்று குரங்குகள் அதில் குழந்தைப் பருவம். கெட்டதைப் பார்க்காமல் வளரட்டும் என்கிற இடம். அதைச் சொன்னால் பெற்றோர்கள் நின்று கேட்பார்கள்.

அப்படியே பக்கத்துப் பண்டகசாலையின் முகப்பைக் காட்டுங்கள். மேலே இரண்டு யானைகள். வரைந்து கொடுத்தவர் ஓவியர் கானோ தான்யூ. அவர் யானையை நேரில் பார்த்ததே இல்லை. கோயில் யானையைப் பார்த்து வளர்ந்த நம் ஆட்கள், காதும் வாலும் ஏன் இப்படி இருக்கின்றன என்று உடனே கேட்பார்கள். பார்க்காத விலங்கை நூல்களை வைத்தும் கேள்விப்பட்டதை வைத்தும் ஒரு கலைஞன் எப்படிக் கட்டியெழுப்பினான் என்பது, அங்கிருக்கும் எல்லாத் தங்கத்தையும்விட எனக்குப் பிடித்த விஷயம்.

யோமெய்மோன் வாசலில் 500-க்கும் மேற்பட்ட சிற்பங்கள். எல்லாவற்றையும் விளக்கப் போனால் கூட்டம் தள்ளிவிடும். வெள்ளைத் தூண்கள் பன்னிரண்டில் ஒன்றில் மட்டும் சுருள் வடிவம் தலைகீழாக இருக்கும், அதைத் தேடச் சொல்லுங்கள். முழுமையடைந்த கட்டடம் அன்றிலிருந்து அழியத் தொடங்கும் என்பதால், வேண்டுமென்றே குறை வைத்துக் கட்டினார்கள் என்று சொல்கிறார்கள். நம் வீடுகளில் குழந்தைக்குத் திருஷ்டிப்பொட்டு வைக்கும் பாட்டிகளுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படாது.

தூங்கும் பூனைச் சிற்பத்துக்கு அப்பால் இயேயாசுவின் சமாதிக்கு 207 கல் படிகள். மூட்டுவலி இருப்பவர்களிடம் படியின் அடியில் நின்றுகொண்டு சொல்லாதீர்கள், முதல் நாளே சொல்லுங்கள். அவர்களைப் பூனைப் பக்கத்தில் தனியாக நிற்க வைப்பதும் சரியில்லை. யாராவது ஒருவர் கூட இருக்கட்டும்.

சாக்ஸ்

உள்மண்டபங்களில் செருப்பைக் கழற்ற வேண்டும். நவம்பரில் வெறுங்காலில் அந்தத் தரை தாங்காது.

யூபா என்றால் சைவம் என்று நினைப்பது

சோயாப் பாலைக் காய்ச்சும்போது மேலே படியும் ஆடைதான் யூபா. நிக்கோவின் பெயர் பெற்ற சாப்பாடு. "சோயாதானே, சைவம்தான்" என்று சொல்லிச் சைவக்காரர்களை உட்கார வைத்துவிடுகிறார்கள். யூபா சைவம். அது மிதக்கிற குழம்பு பெரும்பாலும் சைவமில்லை. தாஷி என்கிற அடிப்படைச் சாறு காய்ந்த மீனிலிருந்து எடுப்பது. சோபா நூடுல்ஸின் சாறும் அப்படித்தான். கடையில் "இறைச்சி இருக்கிறதா" என்று கேட்டால் "இல்லை" என்று உண்மையாகவே பதில் வரும், ஏனென்றால் மீன் சாறு அவர்கள் கணக்கில் இறைச்சி இல்லை. "மீன் தாஷி இருக்கிறதா" என்று கேளுங்கள். முந்தின நாளே கடைக்குப் போன் செய்து கேட்பது இன்னும் நல்லது. பதில் தெளிவாக இல்லையென்றால் எலுமிச்சை சாதம் கட்டி எடுத்துவரச் சொல்லுங்கள். விரைவு ரயிலில் இருக்கையில் உட்கார்ந்து தாராளமாகச் சாப்பிடலாம்.

விரதம் இருப்பவருக்கும் பல வருடமாக அசைவம் தொடாதவருக்கும் தெரியாமல் மீன் சாறு கொடுத்துவிட்டு, பரவாயில்லை என்று விட்டுவிட முடியாது.

மலைக் குரங்குக்குத் தீனி

போடக் கூடாது. ஊர்ச் சட்டமே இருக்கிறது. கையில் பிளாஸ்டிக் பையைத் தொங்கவிட்டுக்கொண்டும் நடக்காதீர்கள், பறித்துக்கொள்ளும்.

சொந்தக் காரில் காசுக்கு ஆள் ஏற்றுவது

சட்டவிரோதம். பச்சை எண் பலகை உள்ள வண்டியை ஓட்டுநரோடு வாடகைக்கு எடுங்கள், இல்லையென்றால் ரயிலும் பஸ்ஸும்.

எந்த நிலையம், எந்த ரயில் என்று பார்க்காமல் ஏறுவது

நிக்கோவில் இரண்டு நிலையங்கள் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. ஒன்று ஜே.ஆர். ரயில் நிறுவனத்துடையது, இன்னொன்று தோபு ரயில் நிறுவனத்துடையது. ஜே.ஆர். பாஸ் வைத்திருப்பவர்கள் உட்சுனோமியா வரை ஷின்கான்சென் அதிவேக ரயிலில் போய், அங்கே நிக்கோ கிளைப்பாதை ரயிலுக்கு மாற வேண்டும். அந்தப் பாஸ் தோபுவின் அசாகுசா வண்டிகளுக்குச் செல்லாது. அசாகுசாவில் ஏறுபவர்கள் தங்கள் வண்டி நிக்கோ போகிறதா, கினுகாவா போகிறதா என்று பார்த்து ஏறுங்கள். கினுகாவா வண்டி என்றால் ஷிமோ-இமாய்ச்சியில் இறங்கி மாற வேண்டும். குழு தூங்கலாம், நீங்கள் தூங்கக் கூடாது.