திருப்புவிசையைக் கணக்கிடும் முறை: கேஜ் வீல் நட்டு முதல் ஏற்றம் வரை

குறுவைச் சேற்றுழவுக்கு முன் டிராக்டரின் பின் டயரைக் கழற்றிவிட்டுக் சேற்றில் புதையாமல் ஓட உதவும் இரும்புக் கூண்டுச் சக்கரமான கேஜ் வீலை மாட்டும்போது, இறுகிப்போன நட்டை இளக்குவதற்கு ஸ்பேனரின் நுனியில் ஏறி நிற்பதை டெல்டாவில் எல்லோரும் பார்த்திருப்போம். அப்படி நிற்பவர் நட்டுக்குக் கொடுக்கும் திருப்பும் திறனே திருப்புவிசை. விசையை, சுழல் மையத்திலிருந்து அந்த விசை செயல்படும் கோட்டுக்கு உள்ள செங்குத்துத் தொலைவால் பெருக்கினால் அது கிடைக்கும். அதன் அலகு நியூட்டன் மீட்டர். இதில் வரும் தவறுகளில் பெரும்பாலானவை, செங்குத்துத் தொலைவுக்குப் பதிலாக ஸ்பேனரின் நீளத்தை எடுத்துக்கொள்வதால்தான் வருகின்றன.

முதலில் விசையை நியூட்டனுக்கு மாற்றிக்கொள்ள வேண்டும். 60 கிலோ எடையுள்ளவர் தம் முழு எடையையும் ஊன்றி நின்றால், 60-ஐ 9.8-ஆல் பெருக்க, 588 நியூட்டன் விசை நேர் கீழாகச் செயல்படும். அவர் கால் வைத்த இடம் நட்டின் மையத்திலிருந்து 0.5 மீட்டரில் இருக்கிறது என்று கொள்வோம். ஸ்பேனர் கிடைமட்டமாக இருந்தால் திருப்புவிசை 294 நியூட்டன் மீட்டர்.

ஆனால் ஸ்பேனர் கிடைமட்டத்திலிருந்து 60 பாகை கீழே சரிந்திருந்தால் என்ன ஆகும்? விசை நேர் கீழாக இருப்பதால், அதன் கோட்டுக்கு உள்ள செங்குத்துத் தொலைவு என்பது இங்கே கிடைமட்டத் தூரம்தான். நட்டின் மையத்திலிருந்து ஒரு கயிற்றில் கல்லைக் கட்டித் தொங்கவிட்டு, அந்தக் கயிற்றுக்கும் கால் ஊன்றிய இடத்துக்கும் இடையே உள்ள கிடைமட்டத் தூரத்தை டேப்பால் அளந்து பாருங்கள், அது 0.25 மீட்டர்தான் இருக்கும். நிற்பவரும் ஸ்பேனரும் மாறவில்லை என்றாலும் திருப்புவிசை 147 நியூட்டன் மீட்டராக, சரிபாதியாகக் குறைந்துவிட்டது. பலர் இந்த இடத்தில்தான் ஸ்பேனரில் பைப்பைச் செருகி நீட்டப் பார்க்கிறார்கள். அதற்குத் தேவையே இல்லை. ஆறு முக நட்டில் ஸ்பேனரை ஒரு முகம் தள்ளி மாட்டினால் 60 பாகை மேலே வந்து கிடைமட்டமாகிவிடும், முழு 294-உம் திரும்பக் கிடைக்கும். வலஞ்சுழியாக இறுகும் சாதாரண நட்டு என்றால், சக்கரத்தைப் பார்த்து நிற்பவருக்கு ஸ்பேனர் இடப்பக்கம் இருக்க வேண்டும்; அப்போதுதான் கீழ்நோக்கி மிதிக்கும்போது நட்டு இளகும் திசையில் சுழலும்.

கோணம் தெரிந்திருந்தால் டேப் வேண்டாம். விசை, மையத்திலிருந்து விசை படும் புள்ளி வரையான தூரம், இவ்விரண்டுக்கும் இடையே உள்ள கோணத்தின் சைன் மதிப்பு ஆகிய மூன்றையும் பெருக்கினால் போதும். மேலே சொன்ன சரிவில் ஸ்பேனருக்கும் நேர் கீழான விசைக்கும் இடையே உள்ள கோணம் 30 பாகை. அதன் சைன் 0.5 என்பதால் அதே 147 வருகிறது.

வாய்க்கால் மதகின் ஷட்டரை ஏற்றும் கைச்சக்கரத்தை இரு கைகளாலும் எதிரெதிர்த் திசையில் 120 நியூட்டன் வீதம் தள்ளினால், ஒரு கையின் விசையைச் சக்கரத்தின் முழு விட்டத்தால் பெருக்க வேண்டும். விட்டம் 0.5 மீட்டர் என்றால் 60 நியூட்டன் மீட்டர்.

பல விசைகள் சேரும்போது ஒவ்வொன்றின் திருப்புவிசையையும் தனித்தனியே கண்டு, இடஞ்சுழிக்குக் கூட்டல் குறியும் வலஞ்சுழிக்குக் கழித்தல் குறியும் இட்டுக் கூட்ட வேண்டும். கிணற்றிலிருந்து நீர் இறைக்கும், பின்பக்கம் கல் கட்டிய ஏற்றத்தை எடுத்துக்கொள்வோம். மரத்தின் நீளம் 4.5 மீட்டர், எடை 20 கிலோ. அச்சிலிருந்து சால், அதாவது நீர் மொள்ளும் கலம், தொங்கும் முனை 3 மீட்டரிலும், கல் கட்டிய முனை 1.5 மீட்டரிலும் இருக்கின்றன. நீரோடு சாலின் எடை 25 கிலோ என்றால், அதன் திருப்புவிசை 245 பெருக்கல் 3, அதாவது 735. மரத்தின் சொந்த எடையை மறந்துவிடக் கூடாது. மரம் சீரான பருமன் கொண்டதானால் அதன் எடை நடுப்புள்ளியில், அதாவது அச்சிலிருந்து சால் பக்கமாக 0.75 மீட்டரில் செயல்படுவதால், 196 பெருக்கல் 0.75 என்று 147 சேர்கிறது. மொத்தம் 882. இதைச் சமன் செய்ய 1.5 மீட்டரில் 588 நியூட்டன், அதாவது 60 கிலோ கல் வேண்டும். மரத்தின் எடையை விட்டுவிட்டிருந்தால் 50 கிலோ என்று தவறாக வந்திருக்கும்.

மரம் சாயும்போது கணக்கை மறுபடி போட வேண்டுமா என்று கேட்கலாம். அச்சும் இரு முனைகளும் ஒரே நேர்கோட்டில் இருந்து, எல்லா விசைகளும் நேர் கீழாகவே இருக்கும் வரை, செங்குத்துத் தொலைவுகள் எல்லாம் ஒரே விகிதத்தில் குறைவதால், அதே 60 கிலோ கல் எந்தச் சாய்விலும் சமநிலையைத் தரும்.