பழைய அரட்டை உலகங்களுக்குள் நுழையும்போது விடும் பிழைகள்

பழைய மெய்நிகர் உலகங்களைச் சுற்றிப் பார்க்க ஆசைப்படும் பொடியள், கிளிநொச்சியென்றாலும் புதுக்குடியிருப்பென்றாலும், முதலில் கேட்பது "அண்ணை, எந்த சொப்ட்வெயர இறக்க வேணும்?" என்றுதான். பிழை அங்கேயே தொடங்குகிறது. அந்த உலகத்தின் சேர்வர் இன்னும் ஓடுகிறதா என்றுதான் முதலில் பார்க்க வேண்டும். நாம் நிறுவும் மென்பொருள் வெறும் வாசல். அறைகள் இருப்பது சேர்வரில். 1995இல் வந்த தி பேலஸ் என்ற அரட்டை உலகத்தில் யாரும் சொந்தமாக ஒரு சேர்வரை நடத்தலாம். நடத்தியவர் நிறுத்திவிட்டால் முகவரி மட்டும்தான் மிச்சம்.

அதே ஆண்டில் தொடங்கிய ஆக்டிவ் வேர்ல்ட்ஸ் என்ற முப்பரிமாண உலகத்தில் வேறு சிக்கல். எந்தப் பொருள் எங்கே நிற்கிறது என்ற விபரம் ஓரிடத்திலிருந்து வரும், அதன் உருவம் இன்னொரு முகவரியிலிருந்து இறங்கும். பின்னது செத்துப்போனால் நிலம் தெரியும், வீடு தெரியாது. அதற்காக மென்பொருளை அழித்து அழித்துத் திரும்ப நிறுவுவது வீண்வேலை.

அடுத்தது டேட்டா. போனில் போட்ட டேட்டாவை ஹொட்ஸ்பொட்டில் கணினிக்குக் கொடுப்பவர்கள்தான் இங்கே நிறையப் பேர். 2003இல் திறந்த செக்கண்ட் லைஃப் உலகத்துக்குள் ஃபயர்ஸ்டோர்ம் என்ற மென்பொருள் வழியாகப் போகிறவர்கள், எவ்வளவு தூரம்வரை தெரிய வேண்டும் என்ற பார்வைத் தூரத்தை உச்சத்தில் வைத்துவிட்டு, டேட்டா எங்கே போனதென்று தேடுவார்கள். அங்கே ஒரு நிலத்துண்டு 256 மீற்றர் நீளம், 256 மீற்றர் அகலம். தூரத்தையும் 256இல் வைத்தால் பக்கத்து நிலங்களின் மரம், சுவர், பெயர்ப்பலகை எல்லாம் சேர்ந்து இறங்கும். இருந்து கதைக்க 64 தாராளம். தூரம் கால்வாசியானால் பரப்பு பதினாறில் ஒன்றாகிவிடும்.

எந்தக் கோளாறுக்கும் "கேச்சை அழி" என்று அறிவுரை சொல்ல ஒருவர் எப்போதும் இருப்பார். ஏற்கெனவே இறங்கிய படங்கள் கிடப்பது அங்கேதான். அழித்தால் அதே படத்துக்கு இரண்டாம் முறை காசு. படங்கள் சிதைந்து தெரிந்தால், அதுவும் கடைசி வழியாக மட்டும் அழியுங்கள்.

டேட்டா குறைவென்றால் எழுத்தால் மட்டும் ஆன உலகங்கள் இருக்கின்றன. 1990இல் தொடங்கிய லாம்ப்டாமூவுக்கு ஒற்றைக் கோடு சிக்னலே போதும். ஆனால் டெல்நெட் என்ற பழைய இணைப்பு முறை வழியாகப் போகும் கடவுச்சொல் மறைகுறி எதுவுமின்றி அப்படியே போகும். மின்னஞ்சலுக்கு வைத்திருப்பதை அங்கே போடாதீர்கள். விருந்தினராக நுழைந்தால் போதும். தமிழ் எழுத்து அங்கே எடுபடாது.

தொண்ணூறுகளின் 16 பிட் மென்பொருள்கள் இன்றைய 64 பிட் விண்டோஸில் ஓடாது. உடனே ஏதோ ஒரு தளத்தில் "திருத்திய" பதிப்பைப் பிடித்து, கேட்கிற அனுமதியெல்லாம் கொடுப்பதுதான் எல்லாவற்றிலும் ஆபத்தான பிழை. கணினிக்குள் இன்னொரு கணினியைப் போல ஓடும் வேர்ச்சுவல்பொக்ஸுக்குள் பழைய விண்டோஸை வைத்து அங்கே ஓட்டுங்கள். பழைய இணைய அசைபடங்களையும் விளையாட்டுகளையும் ஓட்டிய ஃபிளாஷின் ஆதரவை அடோபி 2020 முடிவோடு நிறுத்திவிட்டது. இப்போது ஃபிளாஷ் பிளேயர் தருகிறேன் என்று வருவதை நம்பாதீர்கள். ரஃபிள் என்ற மாற்று மென்பொருள் பழைய ஃபிளாஷ் கோப்புகள் பலவற்றைத் திறக்கும். ஆனால் அணைந்த சேர்வரை அதுவும் எழுப்பாது.

கடையிலோ நூலகத்திலோ பொதுக் கணினியில் இருந்தால் இன்னொன்று. ஃபயர்ஸ்டோர்மில் உரையாடலைக் கணினியிலேயே பதிந்து வைக்கும் வசதி உண்டு. அது இயங்கியிருந்தால், உங்களுக்குப் பிறகு வந்து குந்துபவர் எதிர்ப்பக்கத்து ஆள் சொன்னதையும் சேர்த்து வாசிக்கலாம். எழும்ப முன் அந்தக் கோப்பையும் சேமித்த கடவுச்சொல்லையும் அழித்துவிடுங்கள்.