மஞ்சளுக்கு அப்புறம் எள்ளு: எங்கள் தோட்டத்தில் பயிர் மாற்றுகிற முறை

2011 ஐப்பசி. இரண்டு நாள் அடைமழை விட்ட மறுநாள் காலையில் கிணத்துமேட்டுத் துண்டுக்குள் இறங்கினேன். மூன்றாவது வருசமாக அதே துண்டில் மஞ்சள். நடுப்பாத்தியில் பத்துப் பன்னிரண்டு தூர், இலை ஓரத்திலிருந்து பழுத்து வாடி நின்றது. ஒரு தண்டைப் பிடித்தேன். இழுக்கவே வேண்டியிருக்கவில்லை, கையோடு வந்துவிட்டது. அடித்தண்டு வெந்த மாதிரி குழைந்திருந்தது. மம்முட்டியால் கிழங்கைத் தோண்டி எடுத்து அழுத்தினால் உள்ளே கூழ். அந்த நாற்றம் சோப்புப் போட்டு இரண்டு தடவை கழுவியும் விரலை விட்டுப் போகவில்லை. பக்கத்தில் பச்சையாக நின்ற தூரையும் பிடுங்கிப் பார்த்தேன். வேர் முழுக்கக் கடுகைக் கோத்த மாதிரி முடிச்சு. அழுகல் கண்ணுக்குத் தெரிந்தது, வேரில் முடிச்சுப் போடுகிற பொடிப் புழுவான நூற்புழு தெரியாமலே கூட இருந்திருக்கிறது.

முதல் வருசம் அந்த ஒரு ஏக்கரில் வேகவைத்துக் காய்ந்த மஞ்சள் 24 குவிண்டால் எடுத்தேன். அடுத்த வருசம் 19. மூன்றாம் வருசம் 11. உரம் மட்டும் வருசா வருசம் கூடுதலாகத்தான் போட்டேன். 2010-ல் ஈரோட்டுச் சந்தையில் மஞ்சள் விலை அதுவரை யாரும் பார்க்காத உயரத்துக்குப் போனது. அந்த ஆசையில் வெட்டின காட்டிலேயே திரும்ப விதைக்கிழங்கை ஊன்றினேன். பெரியப்பா வரப்பில் நின்று அப்போதே சொன்னார்: “ஏம்மிணி, ஒரே சட்டியில மூணு நாளாக் கழுவாமச் சோறாக்குவியா? காட்டை மட்டும் அப்படி ஆக்குறியே.” “இந்த ஒரு வருசம் மட்டுமுங்க பெரியப்பா” என்றேன். அந்த வருசம் விலையும் விழுந்தது.

எங்கள் பண்ணையம் அறச்சலூர்ப் பக்கம், கீழ்பவானி வாய்க்கால் பாசனம் கொஞ்சம், கிணறு ஒன்று, எல்லாம் சேர்த்து நாலரை ஏக்கர். அந்த ஐப்பசிக்குப் பிறகு நான் கற்றுக்கொண்டதைத்தான் எழுதுகிறேன். அடுத்த வெள்ளாமை என்ன என்பதைச் சந்தை விலையை வைத்து முடிவு செய்வதில்லை. போன வெள்ளாமை மண்ணுக்குள் எதை விட்டுப் போயிருக்கிறது என்று பார்த்துத்தான் முடிவு செய்கிறேன். சத்தை விட்டிருக்கிறதா, நோயை விட்டிருக்கிறதா, மக்காத தட்டை விட்டிருக்கிறதா?

முதல் வேலை, காட்டைத் துண்டு துண்டாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் ஒரு பேர் வைப்பது. எங்களிடம் கிணத்துமேடு, வேப்பமரத்துத் துண்டு, வாய்க்கால் துண்டு, மானாவாரியாகக் கிடக்கும் சாளைக்காடு என்று நாலு. ஒரு நீள நோட்டில் துண்டுக்கு ஒரு பக்கம். மாதம், பயிர், போட்ட எரு, வந்த நோய், எடுத்த எடை. இவ்வளவு போதும். எடையை மனசில் வைத்துக்கொண்டால் போதாது. மூன்று வருசம் கழித்து எல்லா வெள்ளாமையும் நல்லா வந்த மாதிரியே தோன்றும். எழுதியிருந்தால்தான் 24, 19, 11 என்று முகத்தில் அடிக்கும்.

அடுத்து, எந்தப் பயிர் எதற்குச் சொந்தம் என்று தெரிய வேண்டும். இதில்தான் நிறையப் பேர் ஏமாறுகிறார்கள். மக்காச்சோளம் எடுத்த காட்டில் சோளம் போட்டுவிட்டு “பயிர் மாத்திட்டேன்” என்பார்கள். நெல், சோளம், கம்பு, ராகி, மக்காச்சோளம், கரும்பு எல்லாம் புல் குடும்பம். ஒன்றின் பூச்சி மற்றதற்கும் வரும். 2018-ல் படைப்புழு வந்து மக்காச்சோளக் குருத்தைத் தின்றபோது பார்த்தோமே, அந்தப் புழு மண்ணுக்குள் போய்க் கூட்டுப்புழுவாகிறது. அந்துப்பூச்சியாக வெளியே வருகையில் பக்கத்தில் மறுபடி மக்காச்சோளமோ சோளமோ நின்றால் அதற்கு விருந்து. பல்லடம், நாமக்கல் கோழிப்பண்ணைகள் இருக்கிறவரைக்கும் மக்காச்சோளத்துக்கு விற்பனை இருக்கும், அதனால் விடாமல் போடத் தோன்றும். அங்கேதான் ஒரு பட்டமாவது பயறோ எள்ளோ குறுக்கே வர வேண்டும். தக்காளி, கத்தரி, மிளகாய், புகையிலை ஒரு குடும்பம். வெண்டையும் பருத்தியும் ஒரு குடும்பம், தத்துப்பூச்சியும் காய்ப்புழுவும் இரண்டுக்கும் பொது. மஞ்சள் இவை எதற்கும் சொந்தமில்லை, ஆனால் வேர்முடிச்சு நூற்புழு தக்காளி, கத்தரி, வெண்டை, வாழை எல்லாவற்றையும் தின்னும். ஆகவே தக்காளியோ வாழையோ எடுத்த காட்டில் உடனே மஞ்சள் ஊன்றாதீர்கள்.

கிணத்துமேட்டில் இப்போது நான் வைத்திருக்கிற சுற்று மூன்று வருசம். மாசியில் மஞ்சள் வெட்டியதும் எள்ளு. மஞ்சளுக்குக் கொட்டிய எருவின் மிச்சமே எள்ளுக்குப் போதும், தனியாக உரம் வைப்பதில்லை. எண்பது எண்பத்தஞ்சு நாளில் செடியை அறுத்துக் குத்தாரி கட்டிவிடலாம், வேர்முடிச்சுப் புழுவுக்கும் எள்ளு பிடிக்காது. ஆடிப்பட்டத்தில் கம்போ ராகியோ, வீட்டுக்கு ஆகிற தானியம். மார்கழி கடைசியில் கடலைக்காய். சித்திரையில் கடலை பிடுங்கி, கோடை மழைக்கு இரண்டு உழவு ஓட்டி ஆறப்போட்டு, ஆடியில் செண்டுமல்லி. சத்தியமங்கலத்துப் பக்கம் பூவுக்காகவே நடுகிறார்கள். எனக்குப் பூக்காசும் வந்தது, அதன் வேரிலிருந்து கசியும் நஞ்சு நூற்புழுவை அடக்கவும் செய்தது. பூ ஓய்ந்ததும் செடியைப் பிடுங்கி வெளியே போடாமல் அப்படியே மடக்கி உழ வேண்டும். அப்புறம் பங்குனியில் பசுந்தாள் உரச்செடியான சணப்பை, 45 நாளில் பூ எடுக்கும்போது மடக்கி உழுது, இரண்டு வாரம் மக்கவிட்டு, வைகாசி கடைசியில் மஞ்சள். இப்படிச் சுற்றி வந்த பிறகு அதே ஏக்கரில் 22 குவிண்டால் வந்தது, போட்ட உரம் பழைய கணக்கில் பாதிக்குக் கொஞ்சம் மேலே.

கடலைக்காயைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். அதுவும் பயறு வகைதான். பயறு வகை போட்டாலே மண்ணில் தழைச்சத்து, அதாவது நைட்ரஜன், ஏறிவிடும் என்று எல்லோரும் சொல்கிறோம். நாற்பது நாள் செடியை வேர் அறாமல் மண்ணோடு கிளப்பி, தண்ணியில் அலசிப் பாருங்கள். வேரில் மிளகளவு முண்டுகள் இருக்கும். ஒன்றை நகத்தால் கீறினால் உள்ளே ரத்தம் ஊறின மாதிரி இளஞ்சிவப்பாக இருக்க வேண்டும். அந்த நிறம் இருந்தால் பாக்டீரியா காற்றிலிருந்து தழைச்சத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. வெள்ளையாகவோ பச்சையாகவோ இருந்தால் முண்டு இருந்தும் வேலை நடக்கவில்லை. அப்படியானால் அடுத்த தடவை விதைக்கும்போது ஆறின அரிசிக் கஞ்சியில் அந்தப் பாக்டீரியா உரமான ரைசோபியம் கலந்து விதையில் பூசி, நிழலில் அரைமணி நேரம் உலர்த்தி அன்றைக்கே விதையுங்கள். பூசண மருந்து கலந்த விதையென்றால் ஒரு நாள் விட்டு இதைச் செய்யுங்கள்.

ஆனால் முண்டு சிவந்திருந்தாலும் கடலைக்காயில் ஒரு ஓட்டை இருக்கிறது. நாம் செடியை வேரோடு பிடுங்குகிறோம். காய் வீட்டுக்கு, கொடி மாட்டுக்கு. பிடித்த சத்தில் பெரும்பங்கு காயோடும் கொடியோடும் வண்டியேறிவிடுகிறது. காட்டுக்கு மிஞ்சுவது உதிர்ந்த இலையும் அறுந்த வேரும்தான். கொடியைத் தின்ற மாட்டின் சாணி அதே துண்டுக்குத் திரும்பினால்தான் கணக்கு நேராகும். கொடியை விற்றுவிடுகிறவர்கள் ஓரிரண்டு ராத்திரி ஆட்டுப்பட்டியாவது போடுங்கள். தட்டப்பயிறு, பாசிப்பயறு அப்படியில்லை. காயைப் பறித்துக்கொண்டு செடியை மடக்கி உழலாம். மண்ணுக்காகவே ஒரு பயறு என்றால் நான் தட்டப்பயிறைத்தான் சொல்வேன்.

சோளம் இதற்கு நேர் எதிர். சோளம் அறுத்த காட்டில் பத்தே நாளில் விதைத்தால் பயிர் வெளுத்து நிற்கும். எங்கள் அய்யன் “சோளம் காட்டை உறிஞ்சிப்போடும்” என்பார். தட்டும் வேரும் மக்க வேண்டும், மக்கவைக்கிற நுண்ணுயிர்களுக்குத் தழைச்சத்து வேண்டும். தட்டில் அது குறைவு என்பதால் மண்ணில் இருப்பதை அவை எடுத்துக்கொள்கின்றன. புதுப்பயிருக்குப் பந்தியில் இடம் கிடைப்பதில்லை. சோள வேர் கசியவிடும் பொருளும் அடுத்த விதையைக் கொஞ்ச நாள் அடக்கும். கட்டையைக் கொத்தி, மேலே தொழு உரமோ கரைத்த சாணியோ ஊற்றி உழுது, மூன்று நாலு வாரம் விடுங்கள். மழை இல்லையென்றால் இன்னும் கூட ஆகும், காய்ந்த மண்ணில் எதுவும் மக்காது. சோளக்காட்டில் வேரில் ஒட்டி உறிஞ்சுகிற சுடுமல்லிக் களை தென்பட்டால் அடுத்து கடலைக்காயோ பருத்தியோ போடுங்கள். அவற்றின் வேர்வாசத்துக்கு சுடுமல்லி விதை முளைக்கும், ஒட்டிப் பிழைக்க இடமில்லாமல் செத்துப்போகும்.

வாய்க்கால் துண்டில் சுற்றை நான் முடிவு செய்வதில்லை, மதகு முடிவு செய்கிறது. கீழ்பவானிப் பாசனம் 2,07,000 ஏக்கர். அதில் பாதிக்கு ஒரு வருசம் ஆகஸ்ட் 15 வாக்கில் நெல்லுக்குத் தண்ணி, மறுபாதிக்கு ஜனவரியில் புஞ்சைப் பயிருக்கு. அடுத்த வருசம் ஒற்றைப்படை மதகும் இரட்டைப்படை மதகும் இடம் மாறும். அணையில் தண்ணி எவ்வளவு என்பதைப் பொறுத்து தேதி முன்பின் ஆகலாம். தண்ணியைப் பங்கிட வந்த ஏற்பாடு, மண்ணுக்கும் நல்லதாக அமைந்துவிட்டது. ஒரு வருசம் சேற்றில் நெல், மறுவருசம் புழுதியில் கடலையோ எள்ளோ. கிணறு இருக்கிறவர்கள் இடையில் கிடைக்கும் மாதங்களை வீணாக்காதீர்கள். நெல் முறை வருகிற வருசம் ஆனி முதலில் ஏக்கருக்கு 20 கிலோ தக்கைப்பூண்டு (இதுவும் பசுந்தாள் உரம்தான்) விதைத்து, இரண்டு மூன்று தண்ணி விட்டால் வாய்க்கால் திறப்பதற்குள் இடுப்புக்கு மேல் வளர்ந்திருக்கும். மிதித்து உழுது நட்டால் ஏக்கருக்கு ஒரு மூட்டை யூரியா மிச்சம். நான் நாலு முறை எடை போட்டுப் பார்த்துவிட்டேன், மூட்டையைக் குறைத்தும் நெல் குறையவில்லை.

நெல்லுக்குச் சேறடித்த காட்டில் ஒரு சாணுக்குக் கீழே மண் தகடு மாதிரி இறுகிவிடும். மம்முட்டியை ஓங்கிப் போட்டால் “டங்” என்று கை அதிரும். அந்த இடத்தில் கடலை விழுது இறங்கினாலும் காய் பெருக்காது. கோடையில் சட்டிக்கலப்பை ஒரு தடவை, இரண்டு வருசத்துக்கு ஒருமுறை ஓரத்தில் துவரையோ கொட்டமுத்தோ (ஆமணக்கு). ஆழ வேர் விட்டு அது மக்கின வழியில்தான் அடுத்த பயிரின் வேரும் மழைத்தண்ணியும் இறங்கும்.

சாளைக்காட்டுக்கு நான் பெரிதாக எதுவும் செய்வதில்லை. ஆடி ஆவணியில் சோளத்தோடு தட்டப்பயிறு, அடுத்த வருசம் கொள்ளு. காங்கேயம் பக்கம் கொறங்காடு என்கிற மேய்ச்சல் காட்டில் கிளுவை வேலி போட்டு, வெள்வேல மரத்தடியில் கொழுக்கட்டைப் புல்லை வருசக்கணக்கில் மாட்டுக்கு விட்டு, எப்போதாவது உழுது சோளமோ கொள்ளோ விதைப்பார்கள். மழை குறைந்த ஊரில் ஓய்வும் ஒரு பயிர்தான் என்று அவர்களிடம் பார்த்துக் கற்றுக்கொண்டேன்.

மண் தேறுகிறதா என்று கண்ணால் மட்டும் பார்த்தால் போதாது. வெள்ளாமை எடுத்து, எரு போடுவதற்கு முன்னால், துண்டுக்குப் பத்து இடத்தில் முக்கோணமாக அரையடி ஆழம் வெட்டி, ஓரத்து மண்ணைச் சீவி, கலந்து, நாலாகப் பிரித்து எதிரெதிர்ப் பங்கைத் தள்ளித் தள்ளி அரைக்கிலோ ஆக்கி மண் பரிசோதனைக்குக் கொடுங்கள். எரு கொட்டின இடம், வரப்போரம், மரத்தடி வேண்டாம். சீட்டில் முதலில் பார்க்க வேண்டியது அங்ககக் கரிமம், அதாவது மக்கின தழையும் எருவும் மண்ணில் விட்டுப்போகிற கரிமம். அரை சதவீதத்துக்குக் கீழே என்றால் குறைவு, முக்காலுக்கு மேலே நல்லது. கிணத்துமேடு 0.38-ல் இருந்தது, எட்டு வருசத்தில் 0.52. மெதுவாகத்தான் ஏறும். கோயம்புத்தூர் வேளாண் பல்கலைக்கழகத்தில் 1909-ல் ஆரம்பித்த நிரந்தர உர ஆய்வு வயல் ஒன்று இருக்கிறது. அங்கேயும் விடாமல் தொழு உரம் போட்ட பாத்திகளில்தான் கரிமம் நின்றிருக்கிறது. பயிர் மாற்றினால் மட்டும் போதும், எரு வேண்டாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

பயிர் மாற்றத்தால் தீராததும் உண்டு. வாழையில் வாடல் நோய் வந்த காட்டில் அந்தப் பூசணம் வருசக்கணக்கில் மண்ணில் தூங்கும். இரண்டு பட்டம் நெல் போட்டால் குறையும், ஒழியாது. அங்கே நோய் தாங்கும் ரகமும் சுத்தமான கன்றும்தான் வழி. சணப்பை நிற்கிற 45 நாள் கையில் காசு வராது என்பதும் உண்மை. அதனால் முழுக்காட்டையும் ஒரே வருசத்தில் திருப்பாதீர்கள். கடன் இருக்கிறவர்கள் ஒரு துண்டில் மட்டும் ஆரம்பியுங்கள். போன மூன்று வருசத்தில் எடை எங்கே அதிகம் சரிந்ததோ, அந்தத் துண்டு.

அதில் முதலில் சணப்பை. ஏக்கருக்கு 15 கிலோ விதை. மூட்டையாக வாங்குவதற்கு முன் நூறு விதையை எண்ணி ஈரத்துணியில் கட்டி வைத்து மூன்றாம் நாள் பிரித்துப் பாருங்கள். எண்பதுக்குக் குறைவாக முளைத்திருந்தால் வேறு இடத்தில் வாங்குங்கள். விதைத்த நாளை நோட்டில் எழுதுங்கள். முதல் மொட்டு மஞ்சளாக விரிந்ததும் மறுநாளே டிராக்டரைச் சொல்லிவிடுங்கள், ஒரு வாரம் தள்ளினாலும் தண்டு நாராகிக் கலப்பையைச் சுற்றிக்கொள்ளும்.